சிப்பிக் காளான் விற்பனையும் டிரஃபிள் கன்று யோசனையும்: ஒரு வாசகிக்குப் பதில்

கேள்வி: கோபிசெட்டிபாளையம் பக்கத்துக் கிராமம் ஒன்றில் இரண்டு ஆண்டுகளாகச் சிப்பிக் காளான் வளர்த்து வருகிறேன். நாளொன்றுக்குச் சராசரியாக 15 கிலோ கிடைக்கிறது. ஈரோட்டு வியாபாரி ஒருவர் கிலோ 110 ரூபாய்க்கு எடுத்து, 200 கிராம் பாக்கெட்டாக்கிக் கடைகளில் 50 ரூபாய்க்குப் போடுகிறார். விற்காமல் திரும்பும் பாக்கெட்டுகளுக்குப் பணத்தைக் கழித்துக்கொள்கிறார். அது நாளுக்கு இரண்டு கிலோ வரை ஆகிறது. சித்திரை, வைகாசியில் விளைச்சல் பாதியாகிவிடுகிறது. கடன் வாங்கி ஏசி ஷெட் போட்டு மொட்டுக் காளானுக்கு மாறிவிடலாம் என்கிறார் என் கொழுந்தனார். கொடைக்கானல் மேல்மலையில் அம்மா வழியில் வந்த இரண்டு ஏக்கரில், டிரஃபிள் என்ற விலையுயர்ந்த நிலத்தடிக் காளானுக்கான மரக்கன்று நட்டால், பத்து ஆண்டுக்கு விளைச்சலைத் தாங்களே வாங்கிக்கொள்வதாகவும், துபாயில் ஆள் தயாராக இருப்பதாகவும் ஒரு நிறுவனம் சொல்கிறது. காளானைக் காயவைத்து ஏற்றுமதி செய்ய முடியுமா என்றும் தெரிந்துகொள்ள விரும்புகிறேன். இவற்றில் எதைச் செய்வது?

பதில்:

மதிப்பிற்குரிய சகோதரிக்கு, வணக்கம்.

எவ்வளவு விளைகிறது, என்ன விலைக்குப் போகிறது, எவ்வளவு திரும்பி வருகிறது என்று எல்லாவற்றையும் எண்களாக எழுதியதற்கு முதலில் நன்றி. எனக்கு வரும் கடிதங்களில் பெரும்பாலானவை 'காளானுக்கு நல்ல மார்க்கெட் இருக்கிறதா?' என்ற ஒற்றை வரியோடு நின்றுவிடும். அதற்குப் பதில் சொல்ல வழியில்லை, ஏனென்றால் காளானுக்கென்று ஒரே சந்தை எங்கும் கிடையாது. பறித்த பிறகு எத்தனை மணி நேரம் ஒரு காளான் விற்கத்தக்க நிலையில் இருக்கிறதோ, அத்தனை மணி நேரத்துக்குள் வண்டி போய்ச் சேரக்கூடிய தொலைவுதான் அதன் சந்தை. நீங்கள் தனித்தனியாகக் கேட்டிருக்கும் நான்கு கேள்விகளையும் இந்த ஒரு கணக்கை வைத்தே பார்க்கிறேன்.

இப்போதைய வியாபாரத்திலிருந்து தொடங்குவோம். 15 கிலோ கொடுத்து, அதில் இரண்டு கிலோவுக்குப் பணம் கழிக்கப்பட்டால், உங்கள் கைக்கு வருவது 13 கிலோவுக்கான 1,430 ரூபாய். அதை 15ஆல் வகுத்தால் கிலோவுக்கு 95 ரூபாய் சொச்சம்தான் வருகிறது. கடையில் அதே கிலோ 250 ரூபாய்க்கு விற்கிறது. இந்த இடைவெளி முழுவதும் வியாபாரியின் லாபம் என்று எண்ணிவிட வேண்டாம். வண்டி, பாக்கெட், கடைக்காரரின் பங்கு எல்லாம் அதில் அடங்கும். ஆனால் ரிட்டர்னின் முழுச் சுமையும் உங்கள் தலையில் மட்டும் விழுவது நியாயமில்லை. வியாபாரி எத்தனை கடைக்கு எத்தனை பாக்கெட் போடுகிறார் என்பதை நீங்கள் தீர்மானிப்பதில்லை. அவர் கூடுதலாகப் போட்டதன் விளைவுக்கு நீங்கள் பணம் கட்டுகிறீர்கள். கிலோவுக்கு ஐந்து ரூபாய் குறைத்துக்கொண்டாவது, எடுத்த சரக்குக்கு ரிட்டர்ன் இல்லை என்ற பேச்சுக்கு அவரைக் கொண்டுவர முடியுமா என்று பாருங்கள். 105 ரூபாய்க்கு 15 கிலோவும் கணக்கில் வந்தால் 1,575 ரூபாய் ஆகிறது. விலை குறைந்தும் வருமானம் கூடுவது எப்படி என்பதை உங்கள் கொழுந்தனாருக்கும் இந்தக் கணக்கைக் காட்டி விளக்கலாம்.

ஆனால் பாக்கெட் ஏன் திரும்புகிறது என்பதையும் பார்க்க வேண்டும். அதில் உங்கள் ஷெட்டின் பங்கும் இருக்கக்கூடும். சிப்பிக் காளானில் ஏறத்தாழ பத்தில் ஒன்பது பங்கு நீர். பறித்த பிறகும் அது மூச்சு விட்டுக்கொண்டுதான் இருக்கிறது. சாதாரண வெப்பத்தில் ஒரு நாள், குளிர்பெட்டியில் இரண்டு மூன்று நாள் என்பதே அதன் ஆயுள். விரிந்த குடையின் ஓரம் உள்நோக்கி வளைந்திருக்கும்போதே பறிக்க வேண்டும். ஓரம் நேராகி மேல்நோக்கிச் சுருண்டுவிட்டால் எடை கொஞ்சம் கூடும் என்பது உண்மைதான், ஆனால் அந்தக் காளான் பாக்கெட்டுக்குள் வித்துத்தூளை உதிர்த்து, மறுநாள் காலை ஓரங்கள் கிழிந்து மஞ்சளாகித் தெரியும். எடைக்காக அரை நாள் காத்திருப்பவர்கள் ரிட்டர்னில் அதைவிட அதிகமாக இழக்கிறார்கள். அதிகாலையில் முதலில் பறித்துவிட்டு, அதன் பிறகே வைக்கோல் படுக்கைகளுக்குத் தண்ணீர் தெளியுங்கள். தெளித்துவிட்டுப் பறித்தால் காளான் மீது நிற்கும் ஈரம் கவருக்குள் முத்து முத்தாகக் கோத்து, மாலைக்குள் பிசுபிசுப்பு வந்துவிடும். பறித்த காளானைக் கூடையில் பரப்பி, மின்விசிறி நேராகப் படாத நிழலில் சூடு தணியவிட்டு, துளையிட்ட கவரில் போடுங்கள். கவரின் உட்பக்கம் நீர்த்துளி தெரிகிற பாக்கெட்டை எந்த இல்லத்தரசியும் எடுக்கமாட்டார். கடைக்காரர் அதைத் திருப்பி அனுப்புவதில் வியப்பில்லை.

அடுத்தது, முழுச் சரக்கையும் ஒரே கைக்குக் கொடுப்பது. 15 கிலோ என்பது 200 கிராம் கணக்கில் 75 பாக்கெட். கோபி, சத்தியமங்கலம், பவானி என்று உங்களைச் சுற்றி ஒரு மணி நேரத் தொலைவில் இருக்கும் ஊர்களுக்கு இது பெரிய அளவே இல்லை. உழவர் சந்தையில் விவசாயி அடையாள அட்டை பெற்று, காலை நேரத்தில் 20 பாக்கெட் விற்றாலும் அந்தப் பங்குக்குக் கடை விலையை ஒட்டிய பணம் கையில் கிடைக்கும். மெஸ், சிற்றுண்டிச் சாலை, கல்யாண சமையல்காரர் ஆகியோருக்குப் பாக்கெட் தேவையில்லை. சுத்தம் செய்த காளான் மொத்தமாகக் கிடைத்தால் போதும். அவர்களிடம் சில்லறை விலை கிடைக்காது, ஆனால் ரிட்டர்ன் என்ற பேச்சும் கிடையாது. ஈரோட்டு வியாபாரியை முற்றிலும் விட்டுவிடச் சொல்லவில்லை. விற்பனை மந்தமான நாளில் மிச்சத்தை எடுத்துக்கொள்ள ஒருவர் வேண்டும். அவரிடம் பாதிக்கு மேல் போகாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

இங்கே ஓர் எச்சரிக்கை. கோவை, திருப்பூர், ஈரோடு பக்கத்து மாலை நேரத் தள்ளுவண்டிகளில் 'காளான்' என்று விற்கும் பண்டத்தைப் பார்த்துவிட்டு, அது பெரிய சந்தை என்று நம்பிப் படுக்கைகளைக் கூட்டியவர்கள் உண்டு. அந்தத் தட்டில் இருப்பது பெரும்பாலும் முட்டைக்கோஸும் மைதாவும் மசாலாவும்தான்; காளான் பேருக்குத்தான் விழும். அந்த வியாபாரம் வாழவைப்பது முட்டைக்கோஸ் விவசாயியை.

நம் பக்கத்துத் தேவை ஆண்டு முழுவதும் ஒரே சீராக இருப்பதில்லை. புரட்டாசியில் அசைவம் விடுபவர்கள் கூட்டமாகக் காளான் பக்கம் வருகிறார்கள். கார்த்திகை, மார்கழியில் மாலை போட்டவர்கள் வீடுகளிலும் ஓரளவு அப்படியே. வெங்காயம், பூண்டு சேர்க்காத விரத வீடுகளில் காளானுக்கும் இடமில்லை என்பதையும் மறக்கக் கூடாது. அதனால் விரத நாட்கள் அனைத்தும் விற்பனை நாட்கள் ஆகிவிடா. முகூர்த்த மாதங்களில் சமையல்காரர்களின் ஆர்டர் ஒரே நாளில் குவியும், மறுநாள் ஒன்றுமிருக்காது. படுக்கை போட்டு மூன்று வாரம் கழித்தே சிப்பிக் காளானின் முதல் பறிப்பு வரும் என்பதால், புரட்டாசி விற்பனைக்கு ஆவணி முதல் வாரத்திலேயே படுக்கைகளைக் கூட்ட வேண்டும். புரட்டாசி பிறந்த பிறகு வைக்கோல் ஊறவைத்தால் ஐப்பசியில் விற்க ஆள் தேடும்படி ஆகும்.

கோடைக்கால இழப்புக்கு ஏசி தேவையில்லை, வேறு காளான்தான் தேவை. சிப்பிக் காளானுக்கு ஏற்ற வெப்பம் 20 முதல் 28 டிகிரி வரை. சித்திரையில் உங்கள் ஷெட் அதைத் தாண்டிவிடுவதால்தான் விளைச்சல் விழுகிறது. பால் காளானோ 30 முதல் 35 டிகிரி வரையிலான வெப்பத்தில்தான் செழிக்கிறது. மேற்கு வங்கத்தில் தானாக முளைத்துக்கொண்டிருந்த இந்த இனத்தை 1974இல் ஆய்வாளர்கள் அறிவியல் உலகுக்கு அறிமுகப்படுத்தினார்கள்; அதை வணிகப் பயிராக்கியதில் நம் அருப்புக்கோட்டை ஆராய்ச்சி நிலையத்துக்குப் பெரும் பங்கு உண்டு. தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் 1998இல் வெளியிட்ட ஏபிகே 2 என்ற ரகம்தான் இன்று தென் மாநிலங்களில் பரவலாக வளர்க்கப்படுகிறது. சந்தைக்காரர் கண்ணில் இதற்குள்ள பெரிய சிறப்பு விளைச்சல்கூட அன்று, ஆயுள்தான். தடித்த தண்டும் கெட்டியான சதையும் உள்ள பால் காளான், குளிர்பெட்டி இல்லாமலே மூன்று நாள் வரை வெளுப்பு மாறாமல் நிற்கும். அதாவது, சிப்பிக் காளானுக்கு ஈரோடு எல்லை என்றால், பால் காளானுக்குச் சென்னையும் பெங்களூரும் எட்டும் தொலைவில் இருக்கின்றன.

வளர்ப்பில் சில வேறுபாடுகள் உண்டு. காளான் வித்துப் பரவிய படுக்கையைக் குறுக்கே இரண்டாக வெட்டி, வேகவைத்த மேற்பூச்சு மண்ணை அதன்மேல் இரண்டு சென்டிமீட்டர் அளவு பரப்ப வேண்டும். அந்த மண்ணின் ஈரம் காய்ந்தாலும் கெட்டது, சேறானாலும் கெட்டது. வெளிச்சமும் வேண்டும்: தரைக்குக் கீழே சற்றே பள்ளம் தோண்டி, மேலே நீல நிறச் சில்பாலின் (பிளாஸ்டிக் தாள்) விரித்த குடில்களை இதற்காகவே பரிந்துரைக்கிறார்கள். படுக்கை போட்டதிலிருந்து முதல் பறிப்புக்கு ஒரு மாதத்துக்கு மேல் ஆகும் என்பதால், சித்திரை விற்பனைக்கு மாசியிலேயே தொடங்க வேண்டும். வித்துக்கு அதற்கும் முன்பே சொல்லி வைக்க வேண்டும். மேற்பூச்சு மண்ணைப் பக்குவமாக வேகவைப்பதில்தான் புதியவர்கள் பெரும்பாலும் தடுமாறுகிறார்கள். அதை எழுத்தில் படித்துக் கற்பதைவிட, கோவை வேளாண்மைப் பல்கலைக்கழகத்தின் பயிற்சியிலோ, உங்கள் மாவட்ட வேளாண் அறிவியல் நிலையத்திலோ ஒருமுறை கையால் செய்து பார்ப்பது நல்லது.

இனி மொட்டுக் காளான். இந்தியாவில் விளையும் காளானில் பெரும்பகுதி இதுதான் என்பதால் உங்கள் கொழுந்தனாரின் யோசனை அர்த்தமற்றது இல்லை. ஆனால் அந்தப் பெரும்பகுதி எங்கே, எப்படி விளைகிறது என்று பாருங்கள். அரியானாவின் சோனிபத் பக்கத்தில் குளிர்காலம் வந்ததும் மூங்கிலும் கோரையும் வேய்ந்த குடில்களில், இயற்கைக் குளிரையே நம்பி ஆயிரக்கணக்கானோர் வளர்க்கிறார்கள். எல்லோருக்கும் ஒரே நேரத்தில் விளைந்து, மார்கழி, தை மாதங்களில் தில்லி ஆசாத்பூர் மண்டியில் விலை சரிவது வழக்கம். பீகார் அண்மை ஆண்டுகளில் உற்பத்தியில் முன்வரிசைக்கு வந்திருக்கிறது. நமக்குப் பக்கத்தில் நீலகிரிக்கு அந்தக் குளிர் ஆண்டு முழுவதும் இலவசமாகக் கிடைக்கிறது. காய்ப்புக்கு 14 முதல் 18 டிகிரி கேட்கும் ஒரு பயிரை, கோபியின் சமவெளியில், மின்சாரம் செலவழித்து வளர்த்து, குன்னூரிலிருந்து மூன்று மணி நேரத்தில் இறங்கும் சரக்கோடு போட்டி போடுவதாகத்தான் உங்கள் திட்டம் அமையும். அதோடு, மொட்டுக் காளானுக்கு வைக்கோல் மட்டும் போதாது. கோழி எருவும் ஜிப்சமும் கலந்து, வாரக்கணக்கில் புரட்டி, பின்னர் நீராவியில் பதப்படுத்திய கம்போஸ்ட் வேண்டும். அதைச் சிறிய அளவில் செய்தால் கட்டுப்படியாகாது. பெரிய அளவில் செய்தால் நாற்றம் தாங்காமல் ஊரார் சண்டைக்கு வருவார்கள். கடனோடு இணைந்த மானியம் கிடைக்கும் என்பது உண்மைதான். மானியம் கட்டடத்தைக் கட்டித் தரும், மாதா மாதம் மின் கட்டணத்தைக் கட்டாது. நாளுக்கு 15 கிலோவை முழுதாக விற்று முடிக்க வழி அமையாத நிலையில், நாளுக்குப் பல நூறு கிலோ விற்றால்தான் தவணை கட்ட முடியும் என்ற இடத்துக்குப் போவதை நான் ஆதரிக்கவில்லை.

ஒடிசாவைப் பற்றி ஒரு வார்த்தை சொல்ல வேண்டும், ஏனென்றால் சந்தை எவ்வளவு வட்டாரத்துக்குரியது என்பதற்கு அதைவிடத் தெளிவான சான்று இல்லை. வைக்கோல் காளானை இந்தியாவில் முதன்முதலாக வளர்த்துக் காட்டியது நம் கோயம்புத்தூரில்தான், 1940களின் தொடக்கத்தில். ஆனால் இன்று கோவையில் அதைக் கேட்பாரில்லை. ஒடிசாவிலோ அது அன்றாடச் சமையலில் இருக்கிறது, கிராமங்களில் வைக்கோல் படுக்கையிட்டு வளர்த்து விடிகாலையில் சந்தைக்குக் கொண்டுவருகிறார்கள். அந்தக் காளானைக் குளிர்பெட்டியில் வைத்தால் நீர்விட்டுக் குழைந்துபோகும். பறித்த அன்றே விற்றாக வேண்டும். வாங்கிப் பழகிய மக்கள் பக்கத்திலேயே இருக்கும் இடத்தில் அந்தக் குறை யாரையும் தடுக்கவில்லை. கண்டுபிடித்த ஊரில் சந்தை அமையாமல், உண்ணும் ஊரில் அமைந்துவிட்டது.

இப்போது டிரஃபிளுக்கு வருகிறேன். இதைச் சற்று விரிவாகவே எழுத வேண்டியிருக்கிறது, ஏனென்றால் நீங்கள் இழக்கக்கூடிய பணம் இங்கேதான் இருக்கிறது.

டிரஃபிள் மண்ணுக்கடியில், உயிருள்ள மரத்தின் வேரோடு கூட்டுவாழ்க்கை நடத்தும் ஒரு பூஞ்சையின் கனி. ஓக், ஹேசல் போன்ற மரங்களின் இளங்கன்று வேரில் அந்தப் பூஞ்சையை ஏற்றி நடும் முறையைப் பிரெஞ்சு ஆய்வாளர்கள் 1970களில் வணிக அளவுக்குக் கொண்டுவந்தார்கள். எனவே 'டிரஃபிள் கன்று' என்ற ஒன்று இருப்பது பொய்யில்லை. ஸ்பெயினின் தெருவேல் மாகாணத்துச் சரியோன் பகுதியில் வறண்ட சுண்ணாம்பு நிலங்கள் இந்தக் கன்றுகளால் கறுப்பு டிரஃபிள் தோட்டங்களாகி, ஊரின் தலையெழுத்தே மாறியிருக்கிறது. மேற்கு ஆஸ்திரேலியாவின் மஞ்சிமப்பில் 2003இல் முதல் டிரஃபிள் கிடைத்து, இன்று ஐரோப்பாவுக்கு வெளியே முன்னணி உற்பத்தி இடமாக அது வளர்ந்துவிட்டது. ஐரோப்பாவில் கறுப்பு டிரஃபிள் டிசம்பரிலிருந்து மார்ச் வரை கிடைக்கும். ஆஸ்திரேலியாவில் ஜூனிலிருந்து ஆகஸ்ட் வரை. ஐரோப்பிய உணவகங்களுக்குப் புதிய சரக்கு இல்லாத மாதங்களில் விமானத்தில் ஏற்றி அனுப்பியே ஆஸ்திரேலியர்கள் தங்கள் சந்தையைப் பிடித்தார்கள். கிலோ பல நூறு யூரோவிலிருந்து ஆயிரத்தைத் தாண்டியும் விற்பதால்தான் அந்த விமானச் செலவு தாங்குகிறது. மண்ணிலிருந்து எடுத்த நாளிலிருந்தே டிரஃபிள் எடையையும் மணத்தையும் இழக்கத் தொடங்கி, இரண்டு வாரத்துக்குள் பெருமளவு மதிப்பிழந்துவிடும்.

நிறுவனம் உங்களிடம் இவற்றையெல்லாம் சொல்லியிருக்கும். சொல்லாமல் விட்டது மண்ணையும் பருவத்தையும் பற்றியதாக இருக்கும். கறுப்பு டிரஃபிளுக்குச் சுண்ணாம்புச் சத்து மிகுந்த, கார அமில நிலை 7.5க்கு மேலுள்ள மண் வேண்டும். மேல்மலை மண் அமிலத்தன்மை கொண்டது. உருளைக்கிழங்குக்கும் பூண்டுக்குமே அங்கே சுண்ணாம்போ டோலமைட்டோ போட வேண்டியிருப்பதை உங்கள் தாய்வீட்டார் அறிவார்கள். ஆஸ்திரேலியாவிலும் அமில மண்தான், ஏக்கருக்கு டன் கணக்கில் சுண்ணாம்பு கொட்டித்தான் சரி செய்தார்கள் என்று அவர்கள் பதில் சொல்லக்கூடும், அது உண்மை. ஆனால் பருவத்தை எந்த மூட்டையிலும் வாங்கிக் கொட்ட முடியாது. மஞ்சிமப்பிலும் சரியோனிலும் கோடை நன்றாகச் சுடும், குளிர்காலத்தில் நன்றாகக் குளிரும்; அந்த ஏற்ற இறக்கத்தை வைத்தே பூஞ்சை காய்த்து முதிர்கிறது. கொடைக்கானலில் ஆண்டு முழுவதும் பகல் வெப்பம் சில டிகிரிகளுக்குள்ளேயே நிற்கிறது. டிரஃபிள் முதிர வேண்டிய காலத்தை ஒட்டி வடகிழக்குப் பருவமழை கொட்டி மண்ணை ஊறவைக்கிறது. மேலும், மேல்மலையில் பைன், யூகலிப்டஸ், சீகை மரங்கள் நின்ற நிலமாக இருந்தால், அவற்றின் வேரோடு வாழும் உள்ளூர்ப் பூஞ்சைகள் மண்ணில் ஏற்கெனவே குடியிருக்கும். வெளியிலிருந்து வரும் டிரஃபிளை அவை வேரிலிருந்து விரட்டிவிடும். அனுபவமுள்ள நாடுகளில் அப்படிப்பட்ட நிலத்தை முதலிலேயே ஒதுக்கிவிடுகிறார்கள்.

அவர்கள் வெள்ளை டிரஃபிள் என்று பேசினால் விவாதமே தேவையில்லை. இத்தாலியின் ஆல்பா ஊரால் புகழ்பெற்ற அந்த இனம், கிலோ பல ஆயிரம் யூரோ விற்பதற்குக் காரணமே அதைத் தோட்டத்தில் வளர்க்க எவராலும் எளிதில் முடியாததுதான். பிரான்சில் 2015இல் நட்ட ஒரு சோதனைத் தோட்டத்தில் 2019இல் மூன்றும், 2020இல் நான்குமாக வெள்ளை டிரஃபிள் கிடைத்ததை, ஆய்வு உலகம் பெரும் சாதனையாக 2021இல் அறிவித்தது. கிலோவோ டன்னோ அல்ல. மூன்று காய், நான்கு காய்.

துபாய்க் கதையையும் பிரித்துப் பார்க்க வேண்டும். வளைகுடா நாடுகளில் டிரஃபிளுக்குப் பெரிய சந்தை இருக்கிறது, குவைத்திலும் சவூதியிலும் வேலை பார்த்த நம்மவர்கள் குளிர்காலச் சந்தைகளில் கூடை கூடையாக அதைப் பார்த்திருப்பார்கள். ஆனால் அது பாலைவன டிரஃபிள் என்ற வேறு குடும்பம். இலையுதிர்கால மழைக்குப் பின் மணலில் சிறு செடிகளின் வேரடியில் வெடித்து வருவது, மணம் மெல்லியது, துருவித் தூவுவதற்கு இல்லாமல், கழுவி வேகவைத்துச் சோற்றோடு உண்பதற்கு வாங்குகிறார்கள். துபாயின் நட்சத்திர ஓட்டல்கள் வாங்குவது ஐரோப்பிய, ஆஸ்திரேலிய டிரஃபிள். முதலாவது மேல்மலையில் முளைக்காது, இரண்டாவது முளைக்கும் என்பதற்கு அந்த நிறுவனம் ஒரு காயைக்கூடக் காட்டவில்லை.

இந்தியாவில் டிரஃபிள் இனமே இல்லை என்று நான் சொல்லவில்லை. சீனாவிலிருந்து மலிவாக ஐரோப்பாவுக்குப் போய், பார்வைக்குக் கறுப்பு டிரஃபிள் போலவே இருப்பதால் கலப்படத்துக்குப் பயன்பட்ட இனத்தின் முதல் மாதிரி, 1892இல் விவரிக்கப்பட்டபோது இமயமலையின் முசோரியிலிருந்து எடுக்கப்பட்டதுதான். மணம் குறைந்த அந்த இனத்தின் பூஞ்சை ஏற்றிய கன்று, கறுப்பு டிரஃபிள் என்ற பெயரில் ஐரோப்பியத் தோட்டத்துக்குள்ளேயே நுழைந்துவிட்ட நிகழ்வும் உண்டு. ஆகவே கன்றின் வேரில் எந்த இனம் இருக்கிறது, உண்மையில் ஏதாவது இருக்கிறதா என்பதை நுண்ணோக்கியிலும் மரபணுச் சோதனையிலும்தான் சொல்ல முடியும். பச்சையாகத் தளதளவென்று நிற்பதைப் பார்த்துச் சொல்ல முடியாது. வெளிநாட்டுக் கன்று என்றால், 2003ஆம் ஆண்டின் தாவரத் தனிமைப்படுத்தல் ஆணையின்படி இறக்குமதி அனுமதியும், ஏற்றுமதி செய்த நாட்டின் தாவர நலச் சான்றும் இருந்தாக வேண்டும். அந்த இரண்டு காகிதங்களின் நகலைக் கேளுங்கள். பேச்சு அதோடு முடிந்துவிடும் என்றே நினைக்கிறேன்.

காகிதம் வந்தாலும் நான் வேண்டாம் என்றே சொல்வேன். ஏற்ற நிலத்திலேயே முதல் காய்க்கு ஐந்து ஆண்டுகளுக்கு மேல் ஆகும் பயிருக்குப் பத்து ஆண்டு வாங்குதல் ஒப்பந்தம் கொடுப்பவர், விளையாத பொருளை வாங்கத் தேவையிருக்காது என்பதை அறிந்தே கையெழுத்துப் போடுகிறார். அவருடைய வருமானம் கன்று விற்ற அன்றே முடிந்துவிடுகிறது. இதே ஆட்கள் நாளைக்குக் கார்டிசெப்ஸ் என்ற மருத்துவப் பூஞ்சை வளர்க்கும் பயிற்சி என்று வந்தாலும் இதையே நினைவில் வையுங்கள்: கிலோ லட்சக்கணக்கில் என்று சொல்லப்படும் விலை இமயத்தின் உயரங்களில் புழுவின் மேல் முளைக்கும் காட்டு இனத்துக்குரியது, புட்டியில் அரிசியின் மேல் வளர்ப்பது வேறு இனம், அதன் விலையும் வேறு.

மேல்மலை நிலத்தைச் சும்மா போடவும் தேவையில்லை. அங்கே சிறிய ஓட்டுக் கட்டடம் ஏதாவது இருந்தால், நீங்கள் ஆசைப்படும் மொட்டுக் காளானை ஏசி இல்லாமல் சில அடுக்குகளில் வளர்த்துப் பார்க்கலாம். கம்போஸ்டை நீங்களே தயாரிக்க வேண்டாம்; நீலகிரியில் வித்திட்ட கம்போஸ்ட் பைகளை விலைக்கு வாங்கி வளர்ப்பவர்கள் போலவே செய்யலாம். கொடைக்கானலின் விடுதிகளும் உணவகங்களுமே முதல் வாடிக்கையாளர்கள் ஆகக்கூடும். ஆனால் அன்றாடம் பார்க்க அங்கே நம்பகமான ஆள் இருந்தால் மட்டுமே இது நடக்கும். கோபியிலிருந்து தொலைபேசியில் காளான் வளர்க்க முடியாது.

கடைசியாக, காயவைத்து ஏற்றுமதி. காய்ந்த காளானுக்கு ஆயுள் மாதக்கணக்கில் என்பதால் அதன் சந்தை உலகம் முழுவதும்தான். ஆனால் அதே காரணத்தால் உலகம் முழுவதும் உங்களோடு போட்டிக்கும் வரும். உலகக் காளான் உற்பத்தியின் பெரும்பகுதியைச் சீனா வைத்திருக்கிறது. இந்தியாவின் பெரிய ஆலைகள் 1990களில் டப்பாவில் அடைத்த மொட்டுக் காளானை அமெரிக்காவுக்கு அனுப்பி வந்தன. அடக்க விலைக்கும் கீழே குவிக்கிறார்கள் என்ற அங்குள்ள உற்பத்தியாளர்களின் புகாரின்மேல், 1999இல் இந்தியா, சீனா, இந்தோனேசியா ஆகிய நாடுகளின் சரக்குக்குக் குவிப்புத் தடுப்பு வரி விதிக்கப்பட்டது. முதலீடும் வக்கீலும் வைத்திருந்த ஆலைகளே திணறிய களம் அது. காஷ்மீர், இமாசலப் பிரதேச மலைகளில் 'குச்சி' என்று அழைக்கப்படும் மோரெல் காளான் காய்ந்த நிலையில் ஆயிரக்கணக்கான ரூபாய்க்குப் போவது, அது அங்கே பெரும்பாலும் காட்டில் தேடி எடுக்க வேண்டியதாக இருப்பதால். சிப்பிக் காளானுக்கு அந்த அருமை இல்லை. பத்துக் கிலோ காய்ந்தால் ஒரு கிலோதான் மிஞ்சும். 110 ரூபாய்க்கு விற்கக்கூடிய காளானைக் காயவைத்தால், சோலார் உலர்த்தியும் கூலியும் சேர்க்காமலே கிலோவுக்கு 1,100 ரூபாய் அடக்கம் ஆகிவிடுகிறது. அந்த விலைக்கு மேல் மொத்தமாக வாங்க எழுத்தில் ஒப்புக்கொள்ளும் ஆள் கிடைத்தால் மட்டும் யோசியுங்கள்.

காயவைப்பதற்கு வேறொரு பயன் உண்டு. முகூர்த்த ஆர்டர் ரத்தான நாளில், மழையில் வண்டி போகாத நாளில், அன்று பறித்த நல்ல காளானைக் காயவைத்துப் பொடியாக்கி, சூப் பொடியாகவோ பருப்புப் பொடியில் கலந்தோ உள்ளூரில் விற்கலாம். கடையிலிருந்து திரும்பி வந்த பாக்கெட்டை ஒருபோதும் காயவைக்காதீர்கள். அதில் தொடங்கிய அழுகல் வெயிலில் மறைந்துவிடாது. புதிய காளானை விவசாயியாக விற்பதற்கு இல்லாத கட்டுப்பாடு பொடிக்கும் ஊறுகாய்க்கும் உண்டு: உணவுப் பாதுகாப்புத் துறையின் பதிவு எண்ணும், பாக்கெட்டில் தயாரிப்புத் தேதியும் இல்லாமல் கடையில் வைக்க முடியாது.

வரும் மாசிக்குள் பால் காளானுக்கு ஐம்பது படுக்கை அளவில் ஒரு சிறு குடில் மட்டும் போட்டு, கொழுந்தனாரிடம் கடன் விண்ணப்பத்தை ஓராண்டு தள்ளிவைக்கச் சொல்லுங்கள். அதுவரை எந்தக் கடைக்கு என்றைக்கு எத்தனை பாக்கெட் போனது, எத்தனை திரும்பியது என்பதைக் கிழமை வாரியாக ஒரு நோட்டில் எழுதி வாருங்கள். சித்திரை முடிந்ததும் அந்தக் கணக்கை அனுப்பினால், ஷெட்டைப் பெரிதாக்குவதா, விற்பனை ஊர்களைக் கூட்டுவதா என்று அடுத்த பதிலில் எழுதுகிறேன்.